கலிலியோ கலிலி: பெருங்கடலுக்காகக் கட்டப்பட்டு ஏடனில் சிக்கிய இத்தாலிய நீர்மூழ்கி

1940 ஜூன் 19 அன்று, செங்கடலின் தென்வாயிலருகே இருந்த பிரிட்டிஷ் தளமான ஏடனை ஒட்டிய கடலில், பிரிட்டிஷ் கடற்படையின் 'மூன்ஸ்டோன்' என்ற சிறிய ரோந்துக் கப்பல், 'கலிலியோ கலிலி' என்ற இத்தாலிய நீர்மூழ்கிக் கப்பலைப் பட்டப்பகலில் பீரங்கிச் சண்டையில் வென்று உயிரோடு பிடித்தது. மூன்ஸ்டோன் போருக்காகக் கட்டப்பட்ட கப்பலன்று. ஆழ்கடலில் வலையிழுக்கும் மீன்பிடிக் கப்பலாக இருந்ததைக் கடற்படை வாங்கி, முன்தளத்தில் 4 அங்குலப் பீரங்கி ஒன்றைப் பொருத்தியிருந்தது. கலிலியிடமோ 100 மில்லிமீட்டர் பீரங்கிகள் இரண்டு இருந்தன. எட்டு டார்பிடோக் குழல்களும் ஐம்பதுக்கு மேற்பட்ட மாலுமிகளும் இருந்தனர். போர் தொடங்கிப் பத்து நாள் முடிவதற்குள் நடந்த இந்தத் தோல்வியைப் பற்றி எழுதுவோர் பலரும் ஒரு தரப்பின் துணிவையோ மறு தரப்பின் திறமைக் குறைவையோ காரணமாகக் காட்டி முடித்துவிடுகிறார்கள். அந்தக் கப்பலின் வரைபடத்தையும், அது அனுப்பப்பட்ட கடலின் இயல்பையும், அனுப்பப்பட்ட மாதத்தையும் சேர்த்துப் பார்த்தால் அந்த விளக்கம் போதாது என்பது என் கருத்து.

முதல் உலகப் போருக்குப் பின் இத்தாலியக் கடற்படை நீர்மூழ்கிகளைப் பெருவாரியாகக் கட்டத் தொடங்கியது. போர்க்கப்பல்களின் எண்ணிக்கையில் பிரான்சையும் பிரிட்டனையும் எட்டிப்பிடிக்க இயலாத நாட்டுக்கு நீர்மூழ்கி மலிவான ஆயுதமாகத் தெரிந்ததில் வியப்பில்லை. 1940 கோடையில் இத்தாலி போரில் இறங்கியபோது அதனிடம் நூற்றுக்கும் மேற்பட்ட நீர்மூழ்கிகள் இருந்தன. உலகின் மிகப் பெரிய நீர்மூழ்கிப் படைகளில் அதுவும் ஒன்று. ஆனால் அவை எல்லாம் ஒரே நோக்கத்துக்காகக் கட்டப்பட்டவை அல்ல. மத்திய தரைக்கடலின் குறுகிய நீரில் காத்திருந்து தாக்குவதற்கான 600 டன் அளவிலான சிறு கப்பல்கள் ஒரு வகை. ஜிப்ரால்டரையும் சூயசையும் கடந்து பெருங்கடல்களில் பகைவரின் வணிகக் கப்பல்களை வேட்டையாடுவதற்கான பெரிய கப்பல்கள் மற்றொரு வகை. கலிலி இரண்டாம் வகையைச் சேர்ந்தது.

அக்காலத்து இத்தாலிய நீர்மூழ்கி வடிவமைப்பில் இரண்டு மரபுகள் போட்டியிட்டன. குரியோ பெர்னார்டிஸ் என்ற கடற்படைப் பொறியாளர், அழுத்தத்தைத் தாங்கும் ஒற்றை உடலின் இருபுறமும் புடைப்பு போன்ற தொட்டிகளை அமைத்தார். விர்ஜினியோ கவல்லினி என்பவரோ உள்ளுடலைப் பகுதியளவு சூழ்ந்த வெளியுடல் ஒன்றை அமைத்து, இரண்டுக்கும் இடைப்பட்ட வெளியில் நீர்த்தொட்டிகளையும் எரிபொருளையும் வைத்தார். கவல்லினியின் 'செத்தெம்பிரினி' வகைக் கப்பல்கள் மிதப்பு நிலையிலும் கடலோட்டத்திலும் நல்ல பெயர் எடுத்திருந்தன. அதே வரைபடத்தை நீட்டிப் பெரிதாக்கி, எரிபொருள் கொள்ளளவையும் டார்பிடோ எண்ணிக்கையையும் கூட்டி உருவாக்கியதே 'ஆர்க்கிமிதே' வகை. இவ்வகையில் நான்கு கப்பல்கள் தாரந்தோ நகரிலிருந்த தோசி கட்டுந்துறையில் 1931இல் தொடங்கப்பட்டன. ஆர்க்கிமிதே (ஆர்க்கிமிடீஸ்), கலிலியோ ஃபெராரிஸ், கலிலியோ கலிலி, எவாஞ்சலிஸ்தா டாரிசெல்லி என நான்கும் அறிவியலாளர்களின் பெயரைத் தாங்கின. கலிலி 1934 மார்ச் 19 அன்று நீரில் இறக்கப்பட்டு, அதே ஆண்டு அக்டோபரில் கடற்படையில் சேர்ந்தது.

நீளம் ஏறத்தாழ 70.5 மீட்டர், அகலம் 7 மீட்டருக்குச் சற்றுக் குறைவு. நீர்மேல் மிதக்கையில் 985 டன், மூழ்கிய நிலையில் 1,259 டன் எடை. 3,000 குதிரைத்திறன் கொண்ட டீசல் எஞ்சின்கள் நீர்மேல் 17 நாட் (மணிக்கு 17 கடல் மைல்) வேகம் தந்தன. நீருக்கடியில் மின்மோட்டார்கள் 8 நாட் வேகத்துக்குள்ளாகவே ஓட்டின. 8 நாட் வேகத்தில் நிதானமாகச் சென்றால் 10,000 கடல் மைலுக்கு மேல் எரிபொருள் நிரப்பாமல் ஓட முடியும் என்பதுதான் இவ்வகையின் பெருமை. நீருக்கடியிலோ, 3 நாட் வேகத்தில் ஊர்ந்தால் 105 கடல் மைல் தூரம். அதற்குப் பிறகு மேலே வந்து டீசலை ஓட்டி மின்கலங்களுக்கு மின்னேற்றியே ஆக வேண்டும். அந்தத் தலைமுறையின் நீர்மூழ்கி எந்த நாட்டுடையதாக இருந்தாலும், உண்மையில் நீர்மேல் ஓடி, தேவைப்படும்போது மட்டும் மூழ்கக்கூடிய கப்பல்தான். இதை மறந்துவிட்டால் 1940 ஜூனில் நடந்தது புரியாது.

முன்னும் பின்னும் நான்கு நான்காக எட்டு டார்பிடோக் குழல்கள், பதினாறு டார்பிடோக்கள் ஆகியவற்றோடு, தளத்தின் மேல் எழுந்து நிற்கும் கட்டளைக் கோபுரத்துக்கு முன்னால் ஒன்றும் பின்னால் ஒன்றுமாக இரண்டு 100 மில்லிமீட்டர் பீரங்கிகளும் ஏன் தேவைப்பட்டன என்ற கேள்விக்கு விடை, போர் விதிகளில் இருக்கிறது. வணிகக் கப்பலை எச்சரிக்காமல் மூழ்கடிக்கக் கூடாது, முதலில் நிறுத்தி, ஆவணங்களைச் சோதித்து, மாலுமிகளைப் பாதுகாப்பாக இறக்கிய பிறகே அழிக்கலாம் என்ற பழைய பறிமுதல் விதி நீர்மூழ்கிக்கும் பொருந்தும் என்பதே இரு போர்களுக்கு இடைப்பட்ட காலத்து உடன்பாடுகளின் சாரம். 1936 நவம்பரில் லண்டனில் கையெழுத்தான ஒப்பந்தத்தில் இத்தாலியும் சேர்ந்தது. இப்படிச் சண்டையிட வேண்டிய நீர்மூழ்கிக்கு டார்பிடோவைவிடப் பீரங்கிதான் அன்றாடக் கருவி. தொலைவான கடலில், ஆயுதமில்லாத கப்பலை மேலே வந்து நிறுத்தும் கப்பலாகவே கலிலி வரையப்பட்டது. பீரங்கிகளும், அவற்றின் குண்டறையும், உயர்ந்த பெரிய கோபுரமும் கப்பலைப் பருமனாக்கின. பருத்த கப்பல் மூழ்க அதிக நேரம் எடுத்தது. விமானம் தலைக்கு மேல் வரும் கடலில் மூழ்கும் நேரத்தின் ஒவ்வொரு நொடிக்கும் விலை உண்டு. ஆனால் 1931இல் அந்தக் கணக்கு இவ்வளவு தெளிவாக இருக்கவில்லை என்பதையும் நியாயமாகச் சொல்லியாக வேண்டும்.

வெப்பக் கடல்களில் பணிபுரியும் கப்பல் என்பதால் உள்ளே குளிரூட்டும் சாதனம் இருந்தது. அது ஓர் ஆடம்பரமாகச் சேர்க்கப்பட்டதன்று. செங்கடலில் கோடையில் மூடிய எஃகு உடலுக்குள் மனிதர் பணியாற்ற அது இன்றியமையாதது. ஆனால் அதன் குழாய்களில் குளிர்பொருளாக ஓடியது மெத்தில் குளோரைடு. ஏறத்தாழ நிறமும் மணமும் இல்லாத இந்த வாயு கசிந்தால் உடனே தெரியாது. சுவாசிப்பவருக்கு முதலில் தலைச்சுற்றலும் தடுமாற்றமும் வரும். பிறகு மனம் பேதலிக்கும், மயக்கமும் உயிரிழப்பும் தொடரலாம். கசிவு இருந்தாலும் காற்றை மாற்ற வழியில்லாத நேரம் எதுவென்றால், பகைவர் தேடும்போது மூழ்கிக் கிடக்கும் நேரம்தான்.

ஆபத்து வெளிப்படுவதற்கு முன் இவ்வகைக் கப்பல்களுக்கு விசித்திரமான ஓர் இடைக்காலம் வாய்த்தது. ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் முசோலினி, குடியரசை எதிர்த்துக் கிளர்ந்த தளபதி பிராங்கோவின் பக்கம் நின்றார். இத்தாலிய நீர்மூழ்கிகள், கலிலி உட்பட, அறிவிக்கப்படாத போரொன்றை மத்திய தரைக்கடலில் நடத்தின. 1936 நவம்பரில் டாரிசெல்லி கார்த்தகேனா துறைமுகத்துக்கு வெளியே குடியரசுத் தரப்பின் 'மிகேல் தெ செர்வாந்தெஸ்' என்ற குரூசர் கப்பலை டார்பிடோவால் தாக்கிச் சேதப்படுத்தியது. தாக்கியது யார் என்று வெளியே ஒப்புக்கொள்ளப்படவில்லை. 1937இல் ஆர்க்கிமிதே, டாரிசெல்லி ஆகிய இரண்டையும் இத்தாலி இரகசியமாகப் பிராங்கோவின் கடற்படைக்கே கொடுத்துவிட்டது. அவை 'ஜெனரல் சான்ஹுர்ஹோ', 'ஜெனரல் மோலா' என்ற பெயர்களோடு ஸ்பெயினில் 1950களின் இறுதி வரை பணியாற்றின. கொடுத்ததை மறைக்க வேண்டுமே! அதனால் தோசி கட்டுந்துறையில் அப்போது உருவாகிக்கொண்டிருந்த 'பிரின்' வகையில் கூடுதலாக இரண்டு கப்பல்களைக் கட்டி, அவற்றுக்கு ஆர்க்கிமிதே, டாரிசெல்லி என்ற அதே பெயர்களைச் சூட்டினார்கள். 1940இல் செங்கடலில் சண்டையிட்ட டாரிசெல்லி இந்த இரண்டாவது டாரிசெல்லிதான். இரண்டையும் குழப்பிக்கொள்ளும் பட்டியல்கள் இன்றும் உண்டு.

போருக்குச் சில மாதங்களுக்கு முன் எரித்திரியாவின் மசாவா துறைமுகத்தில் இத்தாலி எட்டு நீர்மூழ்கிகளைக் குவித்தது. ஆர்க்கிமிதே வகையில் எஞ்சிய கலிலி, ஃபெராரிஸ். பிரின் வகையின் கால்வானி, குலியெல்மோத்தி, புதிய ஆர்க்கிமிதே, புதிய டாரிசெல்லி. சிறு வகையைச் சேர்ந்த பெர்லா, மக்கல்லே. காகிதத்தில் இது நல்ல ஏற்பாடு. பிரிட்டனுக்கு இந்தியாவிலிருந்தும் ஆஸ்திரேலியாவிலிருந்தும் படைகளும், பாரசீக வளைகுடாவிலிருந்து எண்ணெயும் சூயசுக்குச் செல்லும் பாதை செங்கடலின் தென்வாயிலான பாப் எல் மந்தெப் நீரிணை வழியாகத்தான் போக வேண்டும். மசாவா அந்தப் பாதையின் விலாப்புறத்தில் இருந்தது. ஆனால் போர் தொடங்கிய கணமே இத்தாலிக்குச் சூயஸ் மூடப்பட்டு, மசாவாவுக்குத் தாய்நாட்டிலிருந்து எரிபொருளும் உதிரிப் பாகங்களும் வரும் வழி அடைபட்டது. பவளப் பாறைகள் நிறைந்த கரையோரம், தெளிந்த நீர், ஏடனிலிருந்து எந்நேரமும் எழக்கூடிய விமானங்கள் ஆகிய மூன்றும் பருத்த, மெதுவாக மூழ்கும் கப்பலுக்கு எதிரானவை. போதாக்குறைக்கு இத்தாலி போர் அறிவித்தது ஜூன் 10 அன்று. செங்கடலில் வெப்பம் கொதிக்கும் மாதம் அது; அரபிக்கடலில் தென்மேற்குப் பருவக்காற்று வலுக்கும் மாதமும் அதுவே. போருக்கு நாள் குறித்த ரோமில் இதை யாரும் பொருட்படுத்தியதாகத் தெரியவில்லை.

அன்றே நான்கு நீர்மூழ்கிகள் புறப்பட்டன. ஜிபூட்டிப் பக்கம் சென்ற ஃபெராரிஸ், மின்கலங்களில் நீர் புகுந்ததால் சில நாளில் திரும்ப வேண்டியதாயிற்று. சூடான் கரையை நோக்கிச் சென்ற மக்கல்லேயின் கதை கொடியது. குளிரூட்டியிலிருந்து கசிந்த மெத்தில் குளோரைடு மாலுமிகளை ஒருவர் பின் ஒருவராகத் தாக்கியது. காரணம் என்னவென்று தெரியாமலே அறிவு மங்கிய நிலையில் கப்பலைச் செலுத்தியவர்கள் ஜூன் 15 அன்று பர் மூசா கபீர் என்ற சின்னஞ்சிறு தீவின் பாறையில் மோதினர். கப்பல் சரிந்து ஆழத்தில் விழுந்தது. நிழலும் குடிநீருமற்ற அந்தத் தீவில் அவர்கள் காத்திருக்க, சிலர் சிறு படகொன்றில் எரித்திரியக் கரையை அடைந்து செய்தி சொன்னார்கள். ஒரு வாரத்துக்குப் பின் குலியெல்மோத்தி வந்து மற்றவர்களை மீட்டது. சில நாள் கழித்துப் புறப்பட்ட ஆர்க்கிமிதேயிலும் இதே வாயு கசிந்து சிலர் இறந்தனர். பெர்லாவில் நஞ்சேறிய மாலுமிகளோடு கப்பல் கரையில் ஏறித் தரைதட்டியது. ஒரே மாதத்தில் மூன்று கப்பல்களைப் பகைவரின் குண்டு தொடாமலே ஒரு குளிர்சாதனம் செயலிழக்கச் செய்தது. கலிலியின் உள்ளேயும் இந்த வாயு தொல்லை கொடுத்ததாக இத்தாலியப் பதிவுகள் கூறுகின்றன.

கலிலியின் தளபதி கொர்ராதோ நார்தி. அவருக்கு ஒதுக்கப்பட்ட இடம் ஏடனுக்கு நேர் எதிரே இருந்த கடல். பிரிட்டிஷ் தளத்தின் வாசலிலேயே காவல் இருப்பது போன்றது. ஜூன் 16 அன்று அவர் 'ஜேம்ஸ் ஸ்டோவ்' என்ற 8,000 டன்னுக்கு மேற்பட்ட நார்வே எண்ணெய்க் கப்பலை நிறுத்தி, மாலுமிகள் படகுகளில் இறங்கியபின் டார்பிடோவால் அழித்தார். விதிகளின்படி நடத்தப்பட்ட தாக்குதல் அது. ஆனால் ஏடனிலிருந்து பன்னிரண்டு மைல் தொலைவில் இப்படிச் செய்வது, 'நான் இங்கே இருக்கிறேன்' என்று அறிவிப்பதற்குச் சமம். ஜூன் 18 அன்று 'திராவா' என்ற யூகோஸ்லாவியக் கப்பலை எச்சரிக்கைக் குண்டு ஒன்று சுட்டு நிறுத்தினார்; அது நடுநிலை நாட்டுக் கப்பல் என்று தெரிந்ததும் விட்டுவிட்டார். அந்தப் பீரங்கி ஒலி கரையில் கேட்டது. விமானங்கள் வந்தன, நீர்மூழ்கி மூழ்கித் தப்பியது, இரவில் மின்னேற்ற மேலே வந்தபோது பிரிட்டிஷ் கப்பல்கள் மீண்டும் கண்டுபிடித்து ஆழ்வெடிகுண்டுகளை வீசின. நார்தி ஜேம்ஸ் ஸ்டோவின் மாலுமிகளைக் காத்ததும் திராவாவை விட்டதும் மனிதத்தன்மையுள்ள, சட்டப்படியான செயல்கள். அவையே அவரது இருப்பிடத்தைக் காட்டிக்கொடுத்தன. விதிகளை மதித்த கப்பலுக்கு எதிரியின் தளத்தருகே இடமில்லை என்பதை இந்த மூன்று நாள்களும் காட்டுகின்றன. இரண்டு பீரங்கியும் பெரிய எரிபொருள் தொட்டியும் கொண்ட இவ்வகைக் கப்பலுக்கு உரிய வேட்டைக்களம், விமானம் எட்டாத நடுக்கடல்தான். அங்கே அனுப்பாமல் வாசலில் நிறுத்தியது தலைமையின் பிழை.

19ஆம் தேதி மூன்ஸ்டோனின் நீரடி ஒலிக்கருவி கலிலியைக் கண்டறிந்தது. இரண்டு முறை ஆழ்வெடிகுண்டுகள் விழுந்தன. இரவு முழுதும் துரத்தப்பட்டு, மின்கலம் தேய்ந்து, உள்ளே காற்று கெட்டு, வெப்பம் ஏறியிருந்த நிலையில் நார்தி பெரிஸ்கோப்பில் பார்த்தபோது மேலே நின்றது ஒரே ஒரு சிறு கப்பல். மேலே வந்து சுட்டு விரட்டிவிடலாம் என்று அவர் முடிவெடுத்தார். இதை மடமை என்று எளிதில் சொல்லிவிடுகிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. பீரங்கிக் கணக்கில் இரண்டுக்கு ஒன்று என்ற நிலையில், 17 நாட் வேகத்தில் ஓடவும் வாய்ப்புள்ளபோது, கீழே கிடந்து மூச்சுமுட்டுவதைவிட மேலே வருவது எந்தத் தளபதிக்கும் தோன்றக்கூடிய வழி. கப்பலே அத்தகைய சண்டைக்கென்று வடிவமைக்கப்பட்டதுதான்.

ஆனால் வடிவமைப்பில் எண்ணியிருந்தது ஆயுதமற்ற வணிகக் கப்பலோடு சண்டையிடுவதை. எதிர்த்துச் சுடும் கப்பலோடு அன்று. நீர்மூழ்கியின் பீரங்கி மாலுமிகளுக்கு மறைப்பு எதுவும் இல்லை. திறந்த தளத்தில், அலை அடிக்கும் உயரத்தில் நின்று சுட வேண்டும். கலிலியின் பீரங்கிக் குறிநோக்கி சரியாக இயங்காததால் குண்டுகள் குறிதவறின. பின்பக்கப் பீரங்கி சிக்கிக்கொண்டது. மூன்ஸ்டோனோ நெருங்கி வந்து, இயந்திரத் துப்பாக்கிகளால் தளத்தைத் துடைத்தெடுத்தபடி தன் ஒற்றைப் பீரங்கியால் கோபுரத்தை நோக்கிச் சுட்டது. உயர்ந்து நின்ற அந்தப் பெரிய கோபுரம் நல்ல இலக்கு. குண்டு பட்டதும் நார்தியும் அவரோடிருந்த அதிகாரிகளும் வீழ்ந்தனர். மொத்தம் பதினாறு பேர் இறந்தபின், கட்டளையிட ஆளில்லாத கப்பல் சரணடைந்தது. 'கண்டஹார்' என்ற பிரிட்டிஷ் டெஸ்ட்ராயர் (வேகமான போர்க்கப்பல்) விரைந்து வந்து அதை ஏடனுக்கு இழுத்துச் சென்றது. மூன்ஸ்டோனைச் செலுத்திய மூர்மன், முழுநிலை அதிகாரியாக இல்லாத போட்ஸ்வெயின் பதவியில் இருந்தவர். இதற்காக லெப்டினன்டாகப் பதவி உயர்வு பெற்றார்.

கப்பலைவிட மேலான பரிசு உள்ளேயிருந்த தாள்கள். அதிகாரிகள் எல்லாரும் ஒரே அடியில் வீழ்ந்ததால் இரகசிய ஆவணங்கள் முழுதும் அழிக்கப்படவில்லை. மற்ற நீர்மூழ்கிகள் எங்கே காத்திருக்கின்றன என்பதை அவற்றிலிருந்து பிரிட்டிஷார் அறிந்தனர். ஜூன் 24 அதிகாலையில் ஓமான் வளைகுடாவின் வாயிலில் காத்திருந்த 'ஃபால்மத்' என்ற கப்பல், கால்வானியை நேருக்கு நேர் கண்டு மூழ்கடித்தது.

இந்தக் கால்வானியைப் பற்றி இந்தியக் கடற்படை வரலாற்றில் ஒரு குறிப்பு உண்டு. அரச இந்தியக் கடற்படையின் 'பதான்' என்ற கப்பல் 1940 ஜூன் 23 அன்று பம்பாய்க்கு அப்பால் மூழ்கியது. அதைக் கால்வானி டார்பிடோவால் மூழ்கடித்ததாகப் பல நூல்களும் பட்டியல்களும் எழுதுகின்றன. பம்பாயிலிருந்து கால்வானி வீழ்ந்த இடம் ஏறத்தாழ 900 கடல் மைலுக்கு மேற்பட்ட தொலைவு. 17 நாட் என்ற முழு வேகத்தில், பருவக்காற்றின் அலையை எதிர்த்து இடைவிடாமல் ஓடியிருந்தாலும் இரண்டு நாளுக்கு மேல் ஆகும். மறுநாள் அதிகாலையில் ஓமான் வளைகுடாவில் இருந்த கப்பல் முந்தைய நாள் பம்பாயில் இருந்திருக்க முடியாது. ஒரு நூலைப் பார்த்து மற்றொரு நூல் எழுதுவதால் நிலைத்துவிட்ட கூற்று இது என்றே கொள்ள வேண்டும்.

கால்வானியின் முடிவுக்கு முந்தைய நாள், ஜூன் 23 காலை, பெரிம் தீவருகே டாரிசெல்லி சிக்கியது. அதன் தளபதி சல்வத்தோரே பெலோசிக்கும் நார்திக்கு வாய்த்த அதே தேர்வுதான் வாய்த்தது. அவரும் மேலே வந்து சுட்டார். எதிரே நின்றவை கண்டஹார், கிங்ஸ்டன், கார்ட்டூம் என்ற மூன்று டெஸ்ட்ராயர்களும் 'ஷோர்ஹம்' என்ற ரோந்துக் கப்பலும். ஒற்றைப் பீரங்கியோடு அரை மணிக்கு மேல் சண்டையிட்டு, டார்பிடோக்களையும் ஏவிவிட்டு, கடைசியில் கப்பலைத் தாமே மூழ்கடித்தனர். பெலோசியைச் சிறைப்பிடித்தவர்கள் அவரை மரியாதையோடு நடத்தினார்கள். அன்றே சில மணி நேரத்துக்குப் பின் கார்ட்டூமின் டார்பிடோ ஒன்றின் காற்றுக்கலம் வெடித்து, தீ பரவி, அந்த டெஸ்ட்ராயர் பெரிமுக்கு அருகே அழிந்தது. டாரிசெல்லியின் குண்டே அதற்குக் காரணம் என்று இத்தாலியர் நம்பினர். பிரிட்டிஷார் விபத்து என்றனர்.

ஆக, ஜூன் முடிவதற்குள் எட்டில் நான்கு போயின. எஞ்சிய நான்கும் அடுத்த எட்டு மாதங்களில் செய்தது சொற்பம். 1940 செப்டம்பரில் குலியெல்மோத்தி 'அட்லஸ்' என்ற கிரேக்க எண்ணெய்க் கப்பலை மூழ்கடித்தது குறிப்பிடத்தக்க ஒரே வெற்றி. ஆனால் 1941 மார்ச்சில், எரித்திரியா பிரிட்டிஷார் கையில் வீழப்போகிறது என்று தெரிந்ததும், அந்த நான்கும் மசாவாவை விட்டு ஆப்பிரிக்காவின் தென்முனையைச் சுற்றி, ஜெர்மன் கப்பல்களிடம் நடுக்கடலில் எரிபொருள் பெற்று, பிரான்சின் போர்தோ துறைமுகத்தை அடைந்தன. சிறு கப்பலான பெர்லா கூட எண்பது நாளுக்கு மேல் ஓடி வந்து சேர்ந்தது. கலிலியின் உடன்பிறப்பான ஃபெராரிஸ் அவற்றுள் ஒன்று. கவல்லினி வரைந்த நீண்ட தூர ஓட்டம் என்ற குணம் முதன்முறையாக முழுதும் பயன்பட்டது இந்தப் பயணத்தில்தான், அதுவும் பின்வாங்குவதற்காக. ஃபெராரிஸ் அதே ஆண்டு அக்டோபர் 25 அன்று அட்லாண்டிக்கில் கட்டலினா விமானம் ஒன்றாலும் 'லாமர்ட்டன்' என்ற கப்பலாலும் தாக்கப்பட்டு மூழ்கியது. அங்கும் கதையின் தொடக்கம் விமானம்தான்.

கலிலியைப் பிரிட்டிஷார் பழுதுபார்த்து 'எக்ஸ் 2' என்று எண்ணிட்டனர். பின்னர் அது 'பி 711' ஆயிற்று. சண்டைக்கு அதை அனுப்பவில்லை. நீர்மூழ்கி வேட்டைக்குப் பழகும் காவற்கப்பல்களுக்குப் பயிற்சி இலக்காகக் கிழக்குக் கடல்களில் மூழ்கியும் எழுந்தும் பணிபுரிந்து, போர் முடிந்தபின் 1946இல் அது பழைய இரும்பாக உடைக்கப்பட்டது.